படையல் தம்ளரில் உப்பளத் தண்ணீர்

என் பெயர் திருநாவுக்கரசு. சென்ற பங்குனியில் மரக்காணம் சென்றது, உப்பளத்தில் வேலை செய்துவந்த என் பள்ளித் தோழன் சேகரின் பதினாறாம் நாள் காரியத்துக்காக.

புதுச்சேரியில் காலை ஏழு மணிக்குக் கிழக்குக் கடற்கரைச் சாலைப் பேருந்து. தூரம் முப்பத்தைந்து கிலோமீட்டர், கட்டணம் நாற்பது ரூபாய். அதே பேருந்தில் சேகரின் மனைவி கலா இருந்தார். மடியில் மஞ்சள் பை. உள்ளே, முந்தின நாளே புதுச்சேரி வந்து வாங்கிய ஒரு குவார்ட்டர் பிராந்தி.

இறந்தவர் விரும்பி உண்டதையும் குடித்ததையும் படையலில் வைப்பது இப்பக்கத்து வழக்கம். சேகர் குடித்தது எல்லைக்கு அப்பால் மலிவாகக் கிடைக்கும் புதுச்சேரிச் சரக்கு. கல்லீரல் கெட்டு இறந்ததும் அதனால்தான். அதை வைக்காவிட்டால் மகனைக் கற்பூரம் ஏற்ற விடமாட்டேன் என்று சேகரின் அண்ணன் சொல்லிவிட்டாராம். ஊரார் முன்னிலையில் பிள்ளை ஒதுங்கி நிற்க நேருமே என்பதுதான் கலாவின் அச்சம். எல்லை தாண்டிக் கொண்டுபோவது குற்றம் என்றேன்.

"தெரியும்ணா. அவரும் தெரிஞ்சேதான் கொண்டாந்தாரு."

சோதனைச் சாவடியில் காவலர் பையைத் திறந்தார். காரியத்துக்கு என்றார் கலா.

"ஏம்மா, பாட்டில் எடுத்துட்டு வர்றவங்க எல்லாருமே காரியம்ன்றீங்க. ஊர்ல உயிரோட குடிக்கிறவன் ஒருத்தனும் இல்லியா?"

பேருந்தில் சிலர் சிரித்தனர். பாட்டில் சாவடி மேசைக்கு அடியில் போனது. காவலர் செய்தது சட்டப்படி சரியே. அதை எழுதும்போது எனக்குக் கசக்கிறது.

மரக்காணத்தில் இறங்கிய கலா வீட்டுக்குப் போகாமல் உப்பளத்துக்கு நடந்தார். சேகர் வேலை செய்த பாத்தியருகே குனிந்து, குடிக்க வைத்திருந்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, அந்தப் புட்டியில் உப்புநீரை மொண்டுகொண்டார்.

வீட்டில் படையல் இலையில் கருவாட்டுக் குழம்பு, வடை, பீடிக்கட்டு. பக்கத்தில் தம்ளர். அண்ணன் அதை எடுத்து முகர்ந்தார். அவர் வாயிலும் அதே புதுச்சேரி வாடை.

"என்னாம்மா, வெறுந் தண்ணிய ஊத்தி வெச்சிருக்க?"

"உப்பளத் தண்ணி மாமா. நாள் முழுக்க இதுலதான் நின்னாரு. சாயந்திரமானா நீங்க குடிக்கக் கூப்புடாம இருந்திருந்தா, இன்னிக்கு அவருக்குச் சாப்பாட்டு எல போட்டிருப்பேன்."

அண்ணன் தம்ளரை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டு வெளியே போனார். மகன் கற்பூரம் ஏற்றினான். சடங்கு நிறைவேறியது, யாருக்கும் ஆறுதல் கிடைத்ததாகத் தெரியவில்லை.

செல்வோர் கவனத்துக்கு: உப்பளத்தில் நண்பகல் வெயில் கண்ணைக் கூச வைக்கும், காலையிலேயே போய்விடுங்கள். துக்க வீட்டில் கேட்காமல் படம் எடுக்காதீர்கள். யார் வற்புறுத்தினாலும் எல்லை தாண்டிப் பாட்டில் கொண்டுவராதீர்கள்.

தலைத்திவசத்துக்கு மீண்டும் போவேன். அந்தத் தம்ளருக்கான உப்புநீரை நானே மொண்டு வருவேன்.