டச்சப் செய்த சிறுநீரகமும் ஓர் அணுவும்

மயிலாப்பூரில் குளத்துக்குப் பின்னால் இருக்கும் ஒரு ஃப்ளெக்ஸ் கடையில் டிசைனராக இருக்கிறேன். பத்தாவதோடு பள்ளிக்கூடமும் நானும் பேசிப் பிரிந்துவிட்டோம். கடையில் முக்கால்வாசி வேலை கண்ணீர் அஞ்சலி, காதுகுத்து, வட்டச் செயலாளர் பிறந்தநாள். எந்த முகம் வந்தாலும் முதலில் டச்சப். மரு, பரு, அம்மைத் தழும்பு எல்லாவற்றையும் துடைத்துவிடுவேன். நடுவில் பல் இல்லையென்றால் பக்கத்துப் பல்லை எடுத்து ஒட்டுவேன். செத்துப்போன ஒருவரின் பேனரைப் பார்த்து அவர் மனைவி, "உயிரோட இருக்கச்சொல்ல இவ்ளோ அழகா இல்லியே" என்றார். அதைப் பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டேன்.

ஒரு செவ்வாய்க்கிழமை ஆராய்ச்சிப் போஸ்டர்கள் இரண்டு வந்தன. மறுநாள் அடையாறில் கண்காட்சி. தான் கண்டுபிடித்ததைச் சுவரில் ஒட்டிவிட்டு, பக்கத்திலேயே நின்று கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டுமாம். ஒன்று சிறுநீரக மாற்று சிகிச்சை பற்றியது. கொடுத்தது ஒரு டாக்டர் அக்கா. இன்னொன்று செமிகண்டக்டர். கொடுத்தது ஒல்லியான ஒரு பிசிக்ஸ் அண்ணன்.

"நாளைக்குப் பார்க்க வர்றவர் ஒத்துக்கிட்டாத்தான் என் ஆராய்ச்சிக்கு இன்னொரு வருஷம் குடுப்பாங்க" என்றார் அண்ணன்.

"ஒத்துக்கலன்னா?"

"ஊருக்குப் போய் டியூஷன் எடுக்கணும்."

"எனக்கே எடுங்கண்ணா. டென்த் கணக்கு இன்னும் பாக்கி கீது."

அவர் சிரிக்கவில்லை. இரண்டையும் சாயங்காலத்துக்குள் அடித்துச் சுருட்டி வைத்தேன்.

காலையில் அண்ணன் வந்து, பிரித்துக்கூடப் பார்க்காமல் எடுத்துப் போனார். அரை மணி கழித்து வந்த அக்கா பிரித்துப் பார்த்தார்.

"மைக்ராஸ்கோப்ல எடுத்த கிட்னிப் படத்துல இங்க கூட்டமா நீலப் புள்ளி இருந்துச்சே, எங்க?"

"அழுக்கு மாரி இருந்துச்சுக்கா, தொடச்சுட்டேன். கிட்னி இப்ப பளபளன்னு கீது பாருங்க."

அக்கா நாற்காலியில் உட்கார்ந்தார். கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"அது அழுக்கில்லப்பா. புதுசா வெச்ச கிட்னிய உடம்பு வேணாம்னு சண்ட போடுது. அந்தப் புள்ளிங்கதான் சண்டக்காரங்க. பேஷண்ட்டுக்கு ஒண்ணுமே தெரியாதப்பவே இவங்க வந்து நிக்கிறாங்கன்னு காட்டத்தான் இந்தப் போஸ்டரே."

"அப்ப நான் தொடச்சதுல அவருக்கு கொணமாயிடுச்சா?"

"வாய மூடிட்டு ஒரிஜினல அப்படியே அடி."

மெஷின் ஓடும்போதுதான் அண்ணனின் படம் நினைவுக்கு வந்தது. கோயில் திருவிழா சீரியல் பல்பு மாதிரி வரிசை வரிசையாக வெளிச்சப் புள்ளிகள். ஒவ்வொன்றும் ஓர் அணு என்று கீழே எழுதியிருந்தது. நடுவில் ஒன்று மட்டும் இல்லை.

"அக்கா, செமிகண்டக்டர்ல ஒரு அணு இல்லன்னா இன்னா ஆவும்?"

"எனக்கெப்படித் தெரியும்? ஏன்?"

"நான் ஒண்ணு வெச்சுட்டேன்."

அக்கா என்னையே பார்த்தார். "எங்களுக்குக் கிட்னி குடுக்க ஒரு டோனர் கிடைக்க வருஷக்கணக்கா ஆகுது. உனக்கு அஞ்சு நிமிஷத்துல கிடைச்சிருக்கு."

அண்ணன் போனை எடுக்கவில்லை. அவருடையதையும் திரும்ப அடித்து, அக்காவைப் பின்னால் உட்கார வைத்துக்கொண்டு வண்டியை எடுத்தேன். மந்தவெளியில் டிராஃபிக் நகரவே இல்லை.

நாங்கள் கண்காட்சிக்கு உள்ளே போனபோது, நரைத்த தலைக்காரர் ஒருவர் அண்ணனின் போஸ்டர் முன்னால் நின்றிருந்தார். அண்ணன் படத்தைத் திரும்பிப் பார்க்காமலே விரலை வைத்து, "இந்தக் காலி இடத்துலதான் சார் எலெக்ட்ரான் மாட்டிக்குது" என்றார்.

பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டினார். "எந்தக் காலி இடம்?"

அண்ணன் திரும்பினார். அவருடைய விரல் அங்கேயே நின்றது.

"நான்தான் சார் ரொப்பிட்டேன்" என்றேன். "ஃப்ளெக்ஸ் கடை சார். பல்லு இல்லன்னா பல்லு வெப்போம். கோடு அடிச்ச மாரி வரிசயா போவுது, நடுவுல ஒரு ஓட்ட. கண்ண உறுத்திச்சு."

பெரியவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "சரியானது எங்க? பக்கத்துல ஒட்டு."

ஒட்டினேன். இரண்டு படங்களையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு அவர் அண்ணனிடம், "இதுல மின்சாரம் எப்படிப் போகும், அதுல எப்படிப் போகும்? பேப்பரப் பார்க்காம சொல்லு" என்றார்.

அண்ணன் சொல்ல ஆரம்பித்தார். ஆரம்பித்தபின் நிற்கவில்லை. எனக்கு ஒரு வார்த்தையும் புரியவில்லை. பெரியவர் மட்டும் தலையாட்டிக்கொண்டே இருந்தார்.

அண்ணனுக்கு அந்த ஒரு வருஷம் கிடைத்தது. அதை எனக்குச் சொன்னது அக்காதான். அண்ணன் இப்போது வேறு கடையில் போஸ்டர் அடிக்கிறார்.