நாலாம் மாடிக் கயிறு

எழுதி முடித்த காட்சியை நான்காக மடித்து, கயிற்று முனையிலுள்ள கிளிப்பில் மாட்டி, பால்கனியிலிருந்து கீழே விடுகிறாள் சாந்தகுமாரி. பர்மாவின் இந்த லான்மடாப் பேட்டையில் மாடிக்கு மாடி இப்படிக் கயிறு தொங்கும். மேல் முனையில் சின்ன மணி. பேப்பர்காரரோ மீன்சாற்று நூடுல்ஸான மொகிங்கா விற்கிறவளோ கீழே இழுத்தால் மேலே அடிக்கும். நாலு மாடி ஏற யாருக்குக் கால் இருக்கிறது? தொலைக்காட்சிக் கம்பெனியின் கார் ஓட்டும் நசீர் காகிதத்தை எடுத்துக்கொண்டு ஒருமுறை இழுப்பார். வந்து சேர்ந்தது என்று அர்த்தம்.

மின்சாரம் வந்தால் பார்க்கலாம் என்கிற ஊரில் எழுதுவதெல்லாம் கையால்தான். கொரியத் தொடர்களுக்குப் பர்மிய வசனம் எழுதித்தான் இந்தத் தொழிலுக்குள் வந்தாள். நடிகன் வாய் மூடும்போது வசனமும் முடிய வேண்டும். அந்தக் கணக்கு கைவந்ததும் சொந்தக் கதை கேட்டார்கள். குடும்பக் கதை எழுதினாள், படுத்துவிட்டது. பேய்க்கதை எழுதினாள், ஊரே கூடிப் பார்த்தது. கொசுவை அடிக்கக்கூட யோசிக்கிற இந்த ஐம்பது வயதுப் பெண் திரையில் கொன்றவர்கள் ஒரு பஸ்ஸில் அடங்க மாட்டார்கள். பர்மிய மரியாதைக்கு 'டோ' சேர்த்தே, டோ சாந்தாவுக்குக் கருநாக்கு என்று படப்பிடிப்பில் பேச்சு.

வசனத்தை உரக்கப் பேசித்தான் எழுதுவாள். எதிர்வீட்டு ராதாமணி முதன்முறை கேட்டபோது, உள்ளே நாலு பேர் சண்டை போடுவதாக நினைத்துக் கதவைத் தட்டினாள். தனியாக நின்ற சாந்தகுமாரியைக் கண்டதும் திரும்பிப் போய் விபூதி பூசிக்கொண்டாள்.

ஒருவரைக் கொன்று எழுதினால் ஏழாம் நாள் அவருக்குச் சோறு வைப்பாள். பர்மியர் வீடுகளில் இறந்தவரை ஏழாம் நாள்தான் வழியனுப்புவார்கள். அதுவரை வீட்டுக்குள்ளேயே சுற்றுவார் என்று நம்பிக்கை. சாந்தகுமாரியின் அம்மா பர்மாக்காரி. அம்மா வழி வழக்கத்தைக் கதை மாந்தருக்கும் செய்கிறாள். பால்கனியில் தட்டை வைத்து, பெயர் சொல்லிக் கூப்பிட்டு, "முடிஞ்சுபோச்சு. சாப்ட்டுட்டுக் கெளம்பு. இங்க இனிமே வராத" என்பாள். சொல்லாமல் விட்டால் அடுத்த தொடரில் வந்து உட்கார்ந்துகொள்வார்களாம். சிரிக்கத் தொடங்கியவர்கள்கூட அவள் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திவிடுவார்கள்.

உயிரோடிருப்பவர் பெயரைக் கதையில் வைக்கக் கூடாது, பெயருக்குக் காது உண்டு என்பது இவளே எல்லோருக்கும் சொல்லும் விதி. அதைத் தெரிந்தே மீறினாள். தம்பி முரளிதரன், வெளியே பர்மியப் பெயரில் கோ மியோ, இரண்டு மழைக்காலத்துக்கு முன் புறநகர் இன்சீனுக்கு ரயில் ஏறியவன் திரும்பவில்லை. அவள் போய்க் கேட்காத இடமில்லை. பதில் சொன்னவர் இல்லை. புதுத் தொடரில் வரும் மருந்துக்கடைக்காரனுக்குக் கோ மியோ என்று பெயர் வைத்தாள். தினமும் யாராவது அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் எங்கிருந்தாலும் அவன் காதில் விழாதா என்ற ஆசைதான்.

அதற்கப்புறம் சில மத்தியானங்களில் மணி அடிக்கிறது. இரண்டு சின்ன இழுப்பு, பிறகு ஒரு நீள இழுப்பு. முரளி அப்படித்தான் இழுப்பான். எட்டிப் பார்த்தால் தெருவில் வெயில்தான் நிற்கிறது. காற்று என்கிறாள் ராதாமணி. இலை அசையாத நாளில் அவளும் விபூதியைத் தேடிப் போகிறாள்.

இப்போது கோ மியோவைக் கொல்லச் சொல்லிவிட்டது கம்பெனி. நடிகன் வேறு தொடருக்குப் போகிறான். இவள் மாட்டேன் என்றால் எழுத வேறு ஆள் காத்திருக்கிறார்.

"வெறும் பேருதானே மமா," என்றார் நசீர். அக்கா என்பதை அவர் பர்மிய வழக்கில் மமா என்பார்.

"பேருதான் தம்பி. ஆனா ஏழா நாளு, வராதன்னு நாந்தானே சொல்லணும்."

ஆனாலும் எழுதினாள். வயிறு என்று ஒன்று இருக்கிறதே. அந்த ஒரு காட்சியை மட்டும் வாய் திறக்காமல் எழுதினாள். மடித்து, மாட்டி, இறக்கினாள். காகிதம் இரண்டாம் மாடியைத் தாண்டும்போதே மணி அடித்தது. இரண்டு சின்ன இழுப்பு, ஒரு நீள இழுப்பு.

"அவசரப்படாதீங்க தம்பி," என்று குனிந்தாள்.

நசீர் இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார். "எனக்கு இன்னும் எட்டவேயில்ல மமா."

கயிறு ஆடாமல் நேராகத் தொங்கியது. அவர் காகிதத்துக்காகக் கையை உயர்த்தியபடி நின்றார். சாந்தகுமாரி கைமாற்றிக் கைமாற்றிக் கயிற்றை மேலே இழுத்துக்கொண்டிருந்தாள்.