படத்தைக் கெடுத்தவ எண்டு சொல்லுறீங்களே, அந்தப் பிரொடியூசர்...

வாடைக் காத்துக்கு உப்புத் தண்ணி முகத்தில வந்து அடிக்கும்... உதட்டை நக்கினாக் கரிக்கும். பக்கத்தில ஜெனரேட்டரின்ட டீசல் மணம். திருகோணமலைத் துறைமுகத்தில ஒரு பிரெஞ்சுப் படத்துக்கு ஷூட்டிங். கொழும்பில பிரெஞ்சு படிச்சிட்டு லிங்கநகர் வீட்டில சும்மா இருந்த எனக்கு, மொழிபெயர்ப்பாளரா அதில முதல் வேலை.

இப்ப ஏன் இதை எழுதுறன் எண்டா... நேற்று ஒரு சினிமா குரூப்பில ஒருத்தர் அந்தப் படத்தைப் பற்றி எழுதியிருந்தார். "கடைசிக் கடல் சீனைப் பிரொடியூசர்தான் கெடுத்தது. காசு மிச்சம் பிடிக்கிற ஆக்கள்." கீழ நாலு பேர் சிரிச்சுக் கொமெண்ட் வேற. வாசிக்க வாசிக்கப் பத்திக்கொண்டு வந்தது.

காசு மிச்சமாம்!

அவவின்ட பேர் எலேன். ஐம்பது தாண்டின மெல்லிய மனுசி. பிரொடியூசர் எண்டாக் கூலிங் கிளாஸ் போட்டுக்கொண்டு காசு குடுக்கிற ஆள் எண்டுதான் நானும் நினைச்சிருந்தனான். இவ அனுமதிக்காக ஒவ்வொரு அரசாங்கக் கந்தோரா ஏறி இறங்கினா. மத்தியானம் நாங்கள் சாப்பிட இருக்கத்தான் பாரிஸில கந்தோர் திறக்கும். சோத்துக் கோப்பையைக் கையில வச்சுக்கொண்டே போனில இன்சூரன்ஸ்காரனோட சண்டை பிடிப்பா. கிண்ணியாச் சமையல்காரர் வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்குப் போக வான் ஒழுங்கு செய்ததும் அவதான்.

டைரக்டருக்கு இதொண்டும் தெரியாது. அவர் கடலைப் பாத்துக்கொண்டு இருப்பார்.

கடைசிக் காட்சிக்குத் துறைமுக வாயைத் தாண்டி ஒரு போட் பெரிய அலைக்குள்ள போகோணும். போட் மீன்பிடிக்கிற சூசை அண்ணன்ட. அவரும் மச்சானும்தான் ஓட்டினவை. ஒருக்கா எடுத்தாச்சு. திரும்பி வரேக்க போட்டுக்குள்ள முழங்கால் மட்டும் தண்ணி.

டைரக்டர் சொன்னார், "இன்னொருக்கா. இன்னும் தூரம்."

சூசை அண்ணன் சரி எண்டு தலையை ஆட்டினார்.

எலேன் என்னைக் கூப்பிட்டா. "தன்ர தொழிலுக்கு எண்டா இந்தக் கடலுக்குப் போவாரோ எண்டு அவரைக் கேள்."

கேட்டன்.

"தொழிலுக்கோ? இந்தக் கடலுக்கு ஆர் பிள்ளை இறங்குவான்? நீங்கள் எல்லாரும் இவ்வளவு தூரம் வந்து நிக்கிறியள்... ஏலாது எண்டு எப்பிடிச் சொல்லுறது?"

நான் அதை அப்பிடியே பிரெஞ்சில சொன்னன். எலேன் திரும்பி, "ஷூட்டிங் முடிஞ்சுது" எண்டா.

டைரக்டர் கத்தத் துவங்கினார். எல்லாற்ற முன்னாலயும். "நீ கணக்குப் பாக்கிறவள், உனக்குச் சினிமா விளங்காது!" அவ சப்பாத்தோட தண்ணிக்குள்ள இறங்கி, போட்டில ஏறி, நடுவில குந்திக்கொண்டா. டைரக்டர் களைச்சுப் போய் வாகனத்தில ஏறும் வரைக்கும் அவ இறங்கவே இல்ல.

அண்டைக்குப் போட் போயிருந்தா என்ன நடந்திருக்கும் எண்டு எனக்குத் தெரியாது. தெரியிற மாதிரி அவ விடேல்ல.

படம் வந்தது. டைரக்டருக்கு விருது. பேட்டியில அவர், "என்ர படத்தின்ட முடிவைப் பிரொடியூசர் பறிச்சிட்டா" எண்டு சொன்னார். ஏன் எண்டு ஒரு சொல்லுச் சொல்லேல்ல! எங்கட டவுனில படம் போட்ட அண்டு அவருக்கு மாலை, முன் கதிரை. பக்கத்தில இருந்த எலேனை, ஒழுங்கு செய்த ஆக்களில ஒருத்தர் வந்து கேட்டார், "நீங்கள் டைரக்டரின்ட மனுசியோ?" இல்லை எண்ட உடன பின்னால போய் இருக்கச் சொன்னார். அவ சிரிச்சுக்கொண்டு எழும்பிப் போனா. எனக்குத்தான் சிரிக்க ஏலாமல் போச்சு. இண்டைக்கும் ஏலாது.

படம் முடிஞ்சு லைட் போட்ட பிறகும் சூசை அண்ணனும் நானும் எழும்பேல்ல. திரையில பேர் ஓடிக்கொண்டிருந்தது.

"இதில எங்க பிள்ளை அவவின்ட பேர்?"

வந்த உடன காட்டினன். தனக்கு வாசிக்கத் தெரியாத அந்த எழுத்தை, மேல போய் மறையும் மட்டும் பாத்துக்கொண்டு இருந்தார்.

போன கிழமை அந்தப் படம் டீவியில வந்தது. இப்ப எல்லாம் பேர் ஓடத் துவங்கவே திரை சின்னப் பெட்டியாச் சுருங்கி, அடுத்த படம் வந்திடுது...

ரிமோட்டைத் தேடி எடுக்கிறதுக்குள்ள அவ போயிட்டா.