குரூப்பில் பார்த்தேன்

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை குளியலறையில் வழுக்கி விழுந்தேன். கணுக்கால் ஒடிந்துவிட்டது என்று அந்த நொடியே தெரிந்தது. செகந்திராபாத் மாரெட்பள்ளியில் அந்த அடுக்ககத்துக்குக் குடிவந்து ஐந்து வருடம், தனியாகத்தான் இருந்தேன். தவழ்ந்து போய்க் கட்டிலில் கிடந்த போனை எடுத்து, குடியிருப்போர் வாட்ஸப் குரூப்பில் எழுதினேன்: விழுந்துவிட்டேன், நிற்க முடியவில்லை, யாராவது வாருங்கள்.

உடனே பதில்கள் வர ஆரம்பித்தன. கும்பிட்ட கைகள். ரோஜாப்பூ. ‘கெட் வெல் சூன் மேடம்.’ ஒருவர் ஆம்புலன்ஸ் நம்பர் போட்டார். அதற்கு ஏழு பேர் கட்டைவிரல் காட்டினார்கள். மாடிப்படியில் ஒரு காலடிச் சத்தம்கூட இல்லை. எதிர்வீட்டு டிவியில் கிரிக்கெட் ஓடிக்கொண்டிருந்தது மட்டும் தெளிவாகக் கேட்டது.

வலியைவிட ஆத்திரம்தான் என்னை நகர்த்தியது. தரையோடு தரையாக உடம்பை இழுத்துக்கொண்டு போய், வாசல் கதவைத் திறந்து, செருப்பால் எதிர்வீட்டுக் கதவை அடித்தேன். திறந்தவர் செகந்திராபாத்திலேயே பிறந்து வளர்ந்த தமிழர். ‘ஏன்’ என்பதற்கு ‘கைக்கு’, ‘ஆமாம்’ என்பதற்கு ‘ஹவ்’ என்று அந்த ஊர் இந்தி அவர் பேச்சில் கலந்து வரும்.

“கைக்கு மேடம் தரையில உக்காந்திருக்கீங்க?”

“குரூப்ல பார்க்கலையா?”

“ஹவ், பார்த்தேனே. ஆம்புலன்ஸ் நம்பர் போட்டது நான்தான்.”

அதை அவர் கொஞ்சம் பெருமையாகவே சொன்னார்.

“நாலு எட்டு வெச்சு வந்திருக்கலாமே.”

“யாராச்சும் வந்திருப்பாங்கன்னு நினைச்சேன்.”

பிறகு அவரும் அவர் மனைவியும்தான் என்னைத் தூக்கிக் காரில் உட்கார வைத்தார்கள். நன்றி சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆஸ்பத்திரி வரவேற்பில் இருந்த பெண், “பேஷண்ட் பேரு செப்பண்டி” என்றாள். அவர் என் பக்கம் குனிந்து, “மேடம், உங்க பேரு?” என்றார்.

ஐந்து வருடம். கத்த வாயெடுத்தவள் நிறுத்திக்கொண்டேன். அவர் பேரும் எனக்குத் தெரியாது. அதனால் கோபம் தணிந்துவிடவில்லை. என்மேலும் சேர்த்துப் பாய்ந்தது, அவ்வளவுதான்.

மாவுக்கட்டோடு திரும்பிய அன்று மாலை குரூப்பைத் திறந்தேன். நம் அடுக்ககத்தின் ஒற்றுமைக்கு இது சாட்சி என்று குடியிருப்போர் சங்கச் செயலாளர் ஆங்கிலத்தில் எழுதியிருந்தார். கீழே வரிசையாகக் கைதட்டல்கள். அந்த நிமிடமே குரூப்பை விட்டு வெளியேறினேன். செயலாளர் போன் செய்து, கைதவறி வெளியே வந்துவிட்டீர்களோ, திரும்பச் சேர்க்கட்டுமா என்று தெலுங்கில் பணிவாகக் கேட்டார்.

தெரிந்துதான் வந்தேன் என்றேன். இனி என்னிடம் ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் நேரில் வந்து பெல் அடியுங்கள் என்றேன்.

கட்டுப் பிரிக்க ஆறு வாரம் ஆனது. அதுவரை பெல் அடித்தவர்கள் கூரியர்காரர்கள்தான்.