கிள்ளான் பிரதி

போன செவ்வாய்க்கிழமை காலை கிள்ளானிலிருந்து கமலா அழைத்தார். என் நண்பன் சேகரின் மனைவி.

"அண்ணே, இவருக்கு இன்னொரு கண்ணும் மங்கிக்கிட்டே வருது. இனிப்பு நீர்தான், சக்கர வியாதி, வேற என்ன. டாக்டர் நம்பிக்கையா ஒண்ணும் சொல்லல. நீங்க ரெண்டு பேரும் தமிழ்ல மாத்துன அந்த வீடியோ கேம ஒரு தடவ பாத்துடணுமாம். உங்ககிட்ட இருக்குல்ல?"

"இருக்கும்மா" என்றேன். பாதிதான் உண்மை. இருந்தது திருத்தக் கோப்பு மட்டும். பழைய விளையாட்டுகளை மாற்றி எழுதுகிறவர்கள், 'இந்த இடத்தில் இருக்கிற எழுத்தை இத்தனை எண் தள்ளி மாற்று' என்ற குறிப்புகளைத்தான் சேமிப்பார்கள். எந்த மூல விளையாட்டுக் கோப்பை வைத்து எழுதினார்களோ, அவற்றை அதே கோப்பின்மேல் ஒட்ட வேண்டும்; தனியாக வாசிக்க முடியாது. ஜப்பான் பதிப்பு, அமெரிக்கப் பதிப்பு, அதன் திருத்திய பதிப்பு எல்லாம் பார்வைக்கு ஒன்றுதான். உள்ளே இடங்கள் நகர்ந்திருக்கும்.

பழைய வன்தட்டைச் சொருகினேன். சூடேறிய தூசி வாசனை என்னைப் பிரிக்பீல்ட்ஸில் நான் அப்போது குடியிருந்த மாடியறைக்குக் கொண்டுபோனது. கீழே பூமாலைக் கடை. மேலே மல்லிகையும் கணினிச் சூடும். சேகர் அப்போது பண்டமாரானில் கப்பல் சரக்கு குமாஸ்தா. சனிக்கிழமை தவறாமல் நாசி லெமாக் சோற்றுப் பொட்டலத்தோடு வருவான். திரையில் ஆங்கில எழுத்துக்கு ஒரு கட்டம் போதும்; 'கொ' என்ற ஒரே எழுத்து மூன்று கட்டம் பிடிக்கும். அதற்கே ஒரு சனிக்கிழமை போனது.

"கேம்ல வாள் விக்கிற கடைக்காரன் என்னா சொல்வான்?" என்று கேட்டேன்.

"'புங்குஸ் பண்ணவா, பாஸ்?'னு போடு லா!" என்றான் சேகர்.

வாளைப் பொட்டலம் கட்டுவதை நினைத்து, கீழே இருந்து பூக்காரர் அதட்டும்வரை சிரித்தோம்.

நாங்கள் பயன்படுத்திய மூலம், கிள்ளானில் கேம் விற்ற ஒரு கடைக்காரர் நகலெடுத்துத் தந்தது. கோப்பின் தலையில் ஐந்நூற்றுப் பன்னிரண்டு பைட் கூடுதல். உள்ளேயும் யாரோ கைவைத்திருந்தார்கள். பிற்பாடு ஒரு ஞாயிற்றுக்கிழமை, அசல் பதிப்புகளின் சரிபார்ப்புப் பட்டியலோடு ஒத்துப்போகும் கோப்புகளை மட்டும் வைத்துக்கொண்டு, அந்த அழுக்குப் பிரதியை அழித்தேன். ஒழுங்கு எனக்கு ஒரு வியாதி. சேகரின் பிரதி அதற்கு முன்பே வெள்ளத்தில் போயிருந்தது.

மூன்று நாள் தேடினேன். ஒவ்வொரு பதிப்பிலும் ஒட்டிப் பார்த்தேன். திருத்திய பதிப்பின் தலையில் வெற்று பைட்டுகளைச் சேர்த்தபோது விளையாட்டின் முதல் ஊர் மட்டும் ஓடியது; அதன் வாசலைத் தாண்டினால் நின்றுவிடும். நகலெடுத்துத் தந்த கடைக்காரர் அந்தக் காலத்திலேயே கடையை மூடிவிட்டாராம். இப்போது அங்கே கைபேசி உறை விற்கிறார்கள்.

சனிக்கிழமை ரயிலேறினேன். சேகர் திரையில் மூக்கு இடிக்க உட்கார்ந்தான். வாள் கடைக்காரன் வந்தான்.

"புங்குஸ் பண்ணவா... டேய், டேய், கமலா, இங்க வா!"

நிறுத்தச் சொல்லியிருக்கலாம். அவன் ஊர் வாசலைத் தாண்டினான். திரை கறுத்தது.

அவன் கை மேசையைத் தடவியது.

"மச்சான்... இருட்டாயிடுச்சுடா. கேமா, என் கண்ணா?"

"கேம்தான்டா. மூலத்த நான்தான் அழிச்சிட்டேன்."

நீளமாக மூச்சு விட்டான். "அறிவு கெட்டவனே. பயந்தே போயிட்டேன் லா." கொஞ்சம் கழித்து, "கடைசிக் காட்சியில அந்த அம்மா மகன்கிட்ட என்னமோ சொல்லும். நான்தான் எழுதுனேன். என்னாடா அது?"

அதை எழுதி முடித்த தேதி, கிழமை, அன்று மழை பெய்தது எல்லாம் என் நாட்குறிப்பில் இருக்கின்றன. அந்த அம்மா சொன்னது மட்டும் இல்லை.