முன்சீட்டில் உட்கார்ந்து கத்தினேன்

கிருஷ்ணகிரியிலிருந்து ஓசூருக்குத் தினமும் கம்பெனி பஸ்ஸில்தான் வேலைக்குப் போகிறேன். அன்று காலை பஸ் டிவியில் கார் ரேஸ் படம். ஹீரோ லாரிகளுக்கு நடுவே புகுந்து புறப்பட, நாங்கள் விசிலடித்துக்கொண்டிருந்தோம். அந்த நேரம் பார்த்து வேறொரு கம்பெனி பஸ் எங்களை முந்தியது. முன்சீட்டிலிருந்த நான்தான் முதலில் கத்தினேன். "விடாதீங்கண்ணா, சைடு எடுங்க!"

டிரைவர் மாதேஷ் அண்ணன், "சும்மா இரும்மா" என்றார். மொத்த பஸ்ஸும் சேர்ந்து கத்தவும் வேகத்தைக் கூட்டிவிட்டார். சர்வீஸ் ரோட்டிலிருந்து மாங்காய் மூட்டையோடு ஒரு மொபெட் குறுக்கே ஏறியது. அண்ணன் பிரேக்கை மிதித்து ஒடித்ததில், பஸ் தடுப்பில் உரசி நின்றது. கீழே விழுந்த மொபெட்காரர் சிராய்ப்போடு தப்பினார்.

கம்பெனி கேட்டில் இறங்கியதும், "ஏன்யா அவ்வளவு வேகம்?" என்று விபத்துச் செய்தி எட்டியிருந்த அதிகாரி அண்ணனிடம் கேட்டார். அண்ணன் எங்களைத் திரும்பிப் பார்த்தார். அவ்வளவு கத்தியவர்களில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. நானும்தான். அன்றே அவரை வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள்.

இப்போதும் அதே முன்சீட்தான். எந்த பஸ் முந்தினாலும், "போகட்டும் விடுங்கண்ணா" என்று சொல்லிவிடுகிறேன்.

"நான் மெதுவாத்தானேம்மா போறேன்?" என்று புது டிரைவர் சிரிக்கிறார்.

'போகட்டும் விடுங்கண்ணா' என்பது அன்று மாதேஷ் அண்ணனிடம் சொல்லியிருக்க வேண்டிய வார்த்தை.