அந்தத் தீவில் எனக்குக் கிடைத்த கட்சி

“கடலுக்குப் போற வீட்டுப் பிள்ளை. தேர்தலைப் படிச்சு உவ என்னத்தைக் கிழிக்கப்போறா?”

ஞாயிறுதோறும் லண்டனின் மறுகோடி ரெய்னர்ஸ் லேனிலிருந்து எங்கள் பிளேஸ்டோ வீட்டுக்கு வரும் அண்ணையின் நண்பர் கேட்டது இது. நான் கதவுக்குப் பின்னால் நிற்கவில்லை. தேத்தண்ணியோடு அவர் முன்னால்தான் நின்றேன். எனக்குக் கேட்கவேண்டும் என்றுதான் சொன்னார்.

அம்மா ஊரில் கைநாட்டு வைப்பவர். அண்ணை ஐந்தாம் வகுப்போடு வலை இழுக்கப் போனவர். லண்டனில் பெற்றோல் நிலையத்தில் ஷிப்ட் வேலை. எங்கள் குடும்பத்தில் ஏ லெவல் வரை வந்தவள் நான் ஒருத்திதான். அதில் எனக்குத் தலைக்கனம் இருந்தது. மறைக்கவும் இல்லை.

அது எண்பதுகளின் நடுப்பகுதி. பசிபிக் கடலில் பிரான்சின் ஆளுகைக்குட்பட்ட நியூ கலிடோனியாவில் சட்டசபைத் தேர்தல் நடந்தது. தீவின் ஆதிக்குடிகள் தனிநாடு கேட்டார்கள். பின்னால் வந்து குடியேறியவர்களில் மிகப் பலர் பிரான்சோடு இருப்போம் என்றார்கள். தனிநாடு கேட்டவர்கள் தேர்தலைப் புறக்கணித்தார்கள். நாங்களும் ஊரில் தனிநாடு கேட்டவர்கள். உடைந்த வாக்குப்பெட்டியின் படம் பேப்பரில் வந்தபோது அண்ணை அதை வெட்டிக் குசினிச் சுவரில் ஒட்டினார்.

எங்கள் அரசியல் ஆசிரியைக்கும் அந்தத் தேர்தல் பிடித்துப்போனது. இரண்டு பக்கமும் போட்டியிட்டிருந்தால் என்ன நடந்திருக்கும்? வகுப்பிலேயே நடத்திப் பார்ப்போம் என்று சீட்டுக் குலுக்கினார். என் சீட்டில், ‘பிரான்சோடு இருப்போம்’ என்று இருந்தது.

நான் எழுதிய பேச்சை ஆசிரியை மறுநாளே திருப்பித் தந்தார். “இது தோற்பதற்கென்றே எழுதியது. உனக்கு முடியாவிட்டால் சீட்டை மாற்றிக்கொள்” என்றார். அவர் சொன்னது உண்மை. என் மனம் தனிநாட்டின் பக்கம். ஓட்டை இருக்கிற வள்ளம் என்று தெரிந்துதான் கடலில் இறக்கியிருந்தேன். ஆனால் ‘முடியாவிட்டால்’ என்ற சொல் என்னைச் சுட்டது. மாற்றமாட்டேன் என்றேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை, வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல், வீட்டில் அதைச் சொன்னேன். நண்பர் தேத்தண்ணிப் பேணியைக் கீழே வைத்தார்.

“பிரிய வேண்டாமெண்டு கதைக்கப் போறாவோ? மச்சான், உன்ர வீட்டிலையிருந்தோ? நாளைக்கு மோர்டன் வரைக்கும் எங்கடை ஆக்களிட்டைக் கதை போகும்.”

அண்ணை என்னைப் பார்க்கவில்லை. பிரிட்ஜின் மேலிருந்த தாளைப் பார்த்தார். கல்லூரியின் அடுத்த வருடப் படிவம் அது. எனக்குப் பதினெட்டு ஆகவில்லை. பொறுப்பாளர் கையெழுத்துப் போட வேண்டும்.

“சீட்டை மாத்து. இல்லாட்டி உதிலை நான் சைன் வைக்கமாட்டன்.”

“அண்ணை, அது வகுப்பிலை நடக்கிற விளையாட்டு.”

“எங்களுக்கு உது விளையாட்டில்லை.”

நண்பர் தலையாட்டினார். “வந்தேறின ஆக்கள் அந்தத் தீவிலை இருந்தால் என்ன, போனால் என்ன?”

குசினியில் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்த அண்ணி கத்தியோடு வாசலுக்கு வந்தார். மலையகத்துப் பெண், அண்ணை கொழும்பில் வேலை செய்த காலத்தில் கட்டியவர். விருந்தினர் முன்னால் அதிகம் பேசமாட்டார்.

“எங்க ஆளுங்களையும் அப்படித்தான் சொன்னாங்க. இந்தியாவிலருந்து தேயிலை புடுங்கக் கூட்டியாந்தாங்க. வெள்ளக்காரன் போன கையோட எங்க ஓட்டும் போச்சு. சுதந்திரம்னா எங்க தோட்டத்து லயத்துல அதுதான் ஞாபகம்.”

“அது வேறை கதை, தங்கச்சி” என்றார் நண்பர்.

“ஆமாங்கண்ணே. ஓட்டுப் போகாதவங்களுக்கு வேற கதைதான்.”

அண்ணி திரும்பிப் போய்க் கிழங்கைச் சீவினார்.

திங்கட்கிழமை நூலகத்தில் அந்தத் தீவைப் பற்றி அகப்பட்டதையெல்லாம் எடுத்தேன். நிக்கல் சுரங்கங்களுக்கு ஜாவாவிலிருந்தும் வியட்நாமிலிருந்தும் ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகளும் என் சீட்டின் பக்கத்தில் இருந்தார்கள். முதல் பேச்சில் அவர்களைப் பற்றி ஒரு வரி இல்லை. என் எண்ணம் மாறவில்லை. ஆதிக்குடிகளின் பக்கம் நியாயம் இருக்கிறது என்றுதான் அன்றும் நினைத்தேன். ஆனால் நான் நம்பாத பக்கத்தை வெறுமையாக விட்டு என் பக்கத்தை வெல்லவைக்க நினைத்தது வெட்கமாக இருந்தது. பழைய தாள்களைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதிதாக எழுதினேன்.

வீட்டில் மூன்று நாட்கள் அண்ணை என்னோடு கதைக்கவில்லை. சாப்பாட்டுக் கோப்பை வைக்கும் சத்தம் மட்டும்தான். படிவம் பிரிட்ஜின் மேலேயே கிடந்தது. அதைக் கொடுக்கக் கடைசி நாள் வெள்ளி, பேச்சும் வெள்ளி. வியாழன் என் பிறந்தநாள். அண்ணி பாயசம் வைத்தார். அண்ணை இரண்டு கரண்டி குடித்துவிட்டு ஷிப்டுக்குப் போனார்.

வெள்ளி மத்தியானம் வகுப்பின் முன்னால் அந்தக் கூலிகளின் ஒரு பேத்தியாக நின்றேன். “என் பாட்டன் இந்தத் தீவுக்கு நில ஆசையில் வரவில்லை. ஒரு சுரங்கத்துக்குள் இறங்க வந்தார்” என்று ஆரம்பித்தேன். வாக்கெடுப்பில் தோற்றேன். ஆசிரியை என் பேச்சுத் தாளை வாங்கித் தன் கோப்பில் வைத்துக்கொண்டார். திருப்பித் தரவில்லை.

வீட்டுக்கு வந்தபோது அண்ணை குசினியில் நின்றார். பேசிவிட்டேனா என்று கேட்டார். ஓம் என்றேன். சட்டைப் பையில் பேனா இருந்தது. பிரிட்ஜின் மேல் கையால் தடவினார். கிழிக்கத் தேடினாரா, சைன் வைக்கத் தேடினாரா, தெரியாது.

“எங்கை அந்தப் பேப்பர்?”

அண்ணி கறியைக் கிண்டுவதை நிறுத்தினார்.

“எனக்குப் பதினெட்டு முடிஞ்சுது, அண்ணை” என்றேன். “காலமை, பேச்சுக்கு முதலே, நானே சைன் வச்சுக் குடுத்திட்டன்.”